மனுதாரர் பதினேழு

சேரன்மகாதேவியில் பதினொன்றாம் வகுப்புக்குத்
தாவரவியல் எடுக்கிறேன்.
பெற்றோர் ஆசிரியர் கழகச் சம்பளம்,
வந்தால் வரும்.
வருகைப் பதிவேட்டில் எனக்கு வரி கிடையாது.
நாற்பது பக்க நோட்டில்
நானே கோடு போட்டு
நானே கையெழுத்திடுகிறேன்.

என் பட்டத்தின் பெயர்
தாவர உயிரியல் மற்றும் தாவர உயிர்த்தொழில்நுட்பம்.
வாரியம் கேட்டது தாவரவியல்.
பாளையங்கோட்டையில் சான்றிதழ் சரிபார்ப்பு அன்று
மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்
'மற்றும்' மேல் விரலை வைத்தார்,
எடுக்கவே இல்லை.
மதிப்பெண் நூற்றுப் பதினொன்று என்றேன்.
"அதெல்லாம் சரிம்மா,
இது அதுக்கு இணைன்னு அரசாணை இருக்கா?"

போன வாரம்தான் வகுப்பில் நடத்தியிருந்தேன்.
ஒரு மரத்துக்கு ஊருக்கு ஒரு பேர்.
நாம மஞ்சணத்திங்கோம்,
வடக்க நுணாங்காங்க.
வெட்டினால் உள்ளே ஒரே மஞ்சள்.
சண்டை வேண்டாமென்றுதான்
இரண்டு சொல்லில் ஒரு லத்தீன் பெயர் வைத்தார்கள்.
கடைசி பெஞ்சு உச்சிமாகாளி எழுந்து,
"அந்தப் பேருக்கு யாரு டீச்சர் ஒத்துக்கிட்டா?" என்றான்.
உக்காருல என்றேன்.
கேள்வி சரிதான் என்று இப்போது படுகிறது.

ஒத்தக்கடையில் நான் மனுதாரர் பதினேழு.
முப்பிடாதி என்று கட்டுக்குள் எங்கோ இருக்கும்.
முக்கூடலில் அம்மா சுற்றிய பீடியில்
எத்தனை ஆயிரம் வக்கீலுக்குப் போனது,
நான் எண்ணவில்லை. அவள் எண்ணியிருப்பாள்.
ஒரு வாய்தாவில் அரசு வக்கீலுக்குக் காய்ச்சல்.
இன்னொன்றில் கட்டு வரவில்லை.
கட்டு வந்த நாளில் நீதிபதி கேட்டார்,
இதுக்கும் அதுக்கும் என்னதான் வித்தியாசம்?
வக்கீல்கள் இருவரும் தாளைப் புரட்டினார்கள்.
முப்பத்தாறு பாடத்தின் பெயரும் மனப்பாடமாய்
பின்சுவரில் சாய்ந்து நின்றவள்
கையைத் தூக்கப் போனேன்.
பக்கத்துப் பெண் பிடித்து இறக்கிவிட்டாள்.

ஒருவழியாய் அரசாணை வந்தது.
இரண்டும் ஒன்றே,
வெளியிடப்பட்ட நாளிலிருந்து.
அதாவது
பன்னிரண்டு வருஷமாய் வேறாக நின்ற மரம்
புதன்கிழமை காலை முதல் அதே மரம்.
தேர்வு அறிவிக்கையோ
அதற்கு ஏழு மாதம் முந்தியது.

ஆறாம் எதிர்மனுதாரரை அன்றுதான் பார்த்தேன்.
வள்ளியூர் ஜெபக்கனி.
என் இடத்தில் இருக்கிறாள்,
இல்லை, அவள் இடத்தை நான் கேட்கிறேன்.
நூற்றி ரெண்டு மார்க், கேட்காமலே சொன்னாள்.
பணி ஆணையின் அடியில் ஒரு வரி இருக்கிறதாம்,
வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்று.
"அந்த ஒரு வரியக் காட்டி
பேங்க்ல லோன் தரமாட்டேங்கான்."
இருவருக்கும் ஒரே பஸ்.
வேறு சீட்டும் இல்லை.

சாத்தூரில் ஜன்னல் வழியே வெள்ளரிப்பிஞ்சு ஏறியது,
நாலாய்க் கீறி, மிளகாய்ப்பொடி தூவி.
சில்லறை அவளிடம்தான் இருந்தது.
ஒரு கடி கடித்துவிட்டு, பழக்கதோஷம்,
குக்குமிஸ் என்றோம் இருவரும்.
அதற்குப் பிறகு அவள் சட்டைவஸ் என்றாள்.
நான் மெலோ என்றேன்.
விதையை உள்ளங்கையில் துப்பி
இங்க பாருங்க என்று நீட்டினாள்.
தோலைக் காட்டினேன் நான்.
கயத்தாறு வரை இரண்டு பேரும் விடவில்லை.
கண்டக்டர் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

புது பஸ் ஸ்டாண்டில் இறங்கும்போது
அடுத்த வாய்தா பதினெட்டு என்று
அவள்தான் ஞாபகப்படுத்தினாள்.
இன்றைக்கு நோட்டில் கையெழுத்தில்லை,
நாளைக்குச் சேர்த்துப் போட முடியாது,
ஒருநாள் சம்பளம் போச்சு.

ஆனாலும்
அது மெலோதான்.